இயற்கையிடம் ஒப்படைக்கப்பட்ட கலை: உப்பு ஏரியின் சுருள் அணை

கலை இயற்கையைப் போலச் செய்கின்றது என்பது கிரேக்கச் சிந்தனை எமக்கு விட்டுச்சென்ற மிகப் பழைய விளக்கம். அரிஸ்டோட்டிலின் கவிதையியல் அரபு மொழிக்கு வந்தபோது இக்கருத்து 'முஹாகாத்' என்ற சொல்லைப் பெற்றது; அல்பாராபி, இப்னு ஸீனா, இப்னு ருஷ்த் ஆகியோர் அதனை வெவ்வேறு கோணங்களில் ஆராய்ந்தனர். அவர்களது விளக்கங்கள் எவ்வளவு வேறுபட்டாலும் ஓர் எடுகோள் பொதுவாகவே இருந்தது. இயற்கை ஒரு புறம்; அதனைக் கண்டு ஆக்கப்படும் படைப்பு மறுபுறம். ஓவியத்தில் உள்ள மலை மலையன்று.

1960களின் பிற்பகுதியில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் தோன்றிய நிலக்கலை இந்த எடுகோளையே கேள்விக்குட்படுத்தியது. மலையை வரைவதை விட்டு மலையிலேயே வேலை செய்வது. மண், பாறை, நீர், வெயில் ஆகியவற்றையே ஊடகமாகக் கொள்வது. ஆக்கியதை மழைக்கும் காற்றுக்கும் விட்டுவிடுவது என்பன அதன் வழிமுறைகள். கலைக்கூடத்தில் மாட்டிவைக்கவும் ஏலத்தில் விற்கவும் இயலாத ஒன்றை ஆக்க வேண்டும் என்ற எண்ணமும் இதன் பின்னணியில் இருந்தது. ஆயினும் இக்கலையின் பெரும் படைப்புகள் சிலவற்றுக்குப் பணம் வழங்கியவர் நியூயோர்க்கில் கலைக்கூடம் நடத்திய வேர்ஜீனியா டுவான் என்பதையும் நாம் மறந்துவிடலாகாது.

நிலக்கலை என்ற ஒரே பெயரின் கீழ் மிக மாறுபட்ட மனப்பாங்குகள் அடங்கியுள்ளன. ரிச்சர்ட் லோங் என்ற ஆங்கிலேயர் 1967இல், தமது மாணவப் பருவத்தில், ஒரு புல்வெளியில் ஒரே நேர்கோட்டில் முன்னும் பின்னுமாக நடந்தார். மிதிபட்ட புல் ஒரு கோடாகத் தெரிந்ததும் அதனை நிழற்படம் எடுத்துக்கொண்டு சென்றுவிட்டார். புல் நிமிர்ந்ததும் கோடு மறைந்திருக்கும். இதற்கு நேரெதிராக, மைக்கல் ஹைஸர் 1969இல் நெவாடா மாநிலத்தின் மேட்டுநிலம் ஒன்றில் ஏறத்தாழ 240,000 தொன் பாறையைப் பெயர்த்துப் பள்ளத்தாக்கில் தள்ளி, 457 மீற்றர் நீளத்தில் இரு பெரும் அகழிகளை ஆக்கினார். அதனை இயற்கையோடு கொண்ட உறவு என அழைக்க எமக்குத் தயக்கமே ஏற்படுகின்றது. சுரங்கத் தொழிலாளி செய்வதையே கலைஞர் செய்யும்போது நிலத்திற்கு நேர்வது ஒன்றுதானே!

இவ்விரு எல்லைகளுக்கும் இடையில் நிற்பதாலேயே ரொபர்ட் ஸ்மித்சனின் 'ஸ்பைரல் ஜெற்றி' ஆழ்ந்து நோக்கத்தக்கதாகின்றது. கரையிலிருந்து நீருக்குள் நீளும் கற்கட்டு என்பது அப்பெயரின் பொருள். நாம் அதனைச் சுருள் அணை என்போம். 1970 ஏப்ரலில், அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில் உள்ள பெரும் உப்பு ஏரியின் வடகிழக்குக் கரையில், ரோஸல் முனை என்னுமிடத்தில் அது கட்டப்பட்டது. டிப்பர் லொறிகளும் மண் அள்ளும் இயந்திரங்களும் சில நாட்கள் உழைத்து, ஆறாயிரம் தொன்னுக்கு மேற்பட்ட கரிய எரிமலைப் பாறையையும் மண்ணையும் ஏரிக்குள் கொட்டின. ஏறத்தாழ 457 மீற்றர் நீளமும் 4.6 மீற்றர் அகலமும் கொண்ட அப்பாதை, கரையிலிருந்து நேராகச் சென்று, பின் இடஞ்சுழியாகச் சுருண்டு ஏரிக்குள்ளேயே முடிந்துவிடுகின்றது. எங்கும் கொண்டுசெல்லாத பாதை அது. (ஸாமர்ராவின் சுருள் மினாரா எம் வாசகர் நினைவில் எழக்கூடும். அது வானை நோக்கி ஏறுகின்றது. இது நீர்மட்டத்தை விட்டு உயர்வதேயில்லை.)

ஸ்மித்சன் அவ்விடத்தைத் தெரிவு செய்த காரணமே எமது விசாரணைக்குத் திறவுகோலாகின்றது. அவரைக் கவர்ந்தது அங்குள்ள நீரின் செந்நிறம். உப்புச் செறிவில் மட்டுமே செழிக்கும் நுண்ணுயிர்களும் பாசிகளும் அந்நிறத்தைத் தருகின்றன. ஏரியின் வடபகுதி அத்தனை உவர்ப்பானதாக மாறியது எவ்வாறு? 1959இல் ஏரியின் குறுக்கே கல்லும் மண்ணும் கொண்டு ஒரு ரயில் பாதை அமைக்கப்பட்டது. ஏரியை நிரப்பும் மூன்று முக்கிய ஆறுகளும் அதன் தென்பகுதியிலேயே வந்து சேர்கின்றன. நன்னீர் வடக்கே செல்வது தடைப்பட, அங்கு உப்பு செறிந்தது, நீர் சிவந்தது. ரோஸல் முனையும் மனிதக் கால் படாத வனாந்தரமன்று. எண்ணெய் எடுக்க முயன்று கைவிட்டுச் சென்றவர்களின் துருப்பிடித்த எச்சங்கள் அங்கே கிடந்தன. ஸ்மித்சன் அவற்றைக் கண்டு முகம் சுழிக்கவில்லை. ஒழுங்கு படிப்படியாகக் குலைந்து சிதறும் இயல்பை, பௌதிகவியலாளர் 'என்ட்ரொபி' எனக் குறிப்பதை, தமது எழுத்துகளில் மீண்டும் மீண்டும் பேசியவர் அவர். தூய இயற்கை என்ற இனிய கற்பனை அவரிடம் இருக்கவில்லை.

அதன் பின்னர் நிகழ்ந்தவை அவரது எண்ணத்தை மெய்ப்பிப்பன போன்றே அமைந்தன. சுருள் அணை கட்டப்பட்டபோது ஏரியின் நீர்மட்டம் தாழ்ந்திருந்தது. சுமார் இரண்டாண்டுகளில் நீர் உயர்ந்து அதனை மூடிவிட்டது. 1973 ஜூலையில், டெக்ஸாஸ் மாநிலத்தில் மற்றொரு படைப்பிற்கான இடத்தை வானிலிருந்து பார்வையிடும்போது விமானம் வீழ்ந்து ஸ்மித்சன் தமது 35ஆவது வயதில் உயிரிழந்தார். முப்பதாண்டுகளாகச் சுருள் அணை பெரும்பாலும் நீருக்கடியிலேயே கிடந்தது. நிழற்படங்களிலும் ஸ்மித்சன் எடுத்த திரைப்படத்திலுமே உலகம் அதனைக் கண்டது. 2002இல் வறட்சியால் நீர் வற்ற, அது மீண்டும் வெளிப்பட்டது. கரிய பாறைகள் மீது உப்புப் படிகங்கள் படர்ந்து அது வெண்சுருளாகியிருந்தது. கலைஞர் தொடங்கியதை ஏரி தன் போக்கில் தொடர்ந்திருந்தது.

இதே காலப்பகுதியைச் சேர்ந்த வேறு சில படைப்புகளும் இயற்கையைக் கூட்டாளியாக்கின. ஸ்மித்சனின் மனைவி நான்சி ஹோல்ட் 1976இல் யூட்டா பாலைவனத்தில் நிறைவுசெய்த 'சூரியச் சுரங்கங்கள்' என்ற நான்கு கொங்கிறீட் குழாய்கள், கோடை, குளிர்காலச் சங்கிராந்தி நாட்களின் உதயத்தையும் மறைவையும் நோக்கி அமைந்தவை. குழாய்களின் மேற்புறத்தில் நான்கு விண்மீன் கூட்டங்களின் வடிவில் துளைகள் இடப்பட்டுள்ளன. துஃபான், அல்கோல் என அரபுப் பெயர்களையே இன்றும் தாங்கி நிற்கும் விண்மீன்கள் அக்கூட்டங்களைச் சேர்ந்தவை என்பது ஒரு சுவையான செய்தி.

எகிப்தின் செங்கடற்கரையில், ஹுர்காதாவுக்கு அருகே, 1997இல் மூன்று கிரேக்கப் பெண் கலைஞர்கள் நிறைவுசெய்த 'பாலைவன மூச்சு' இன்னும் தெளிவான உதாரணம். ஒரு இலட்சம் சதுர மீற்றர் பரப்பில் மணற்கூம்புகளும், அதே வடிவில் தோண்டப்பட்ட குழிகளும் இரு சுருள்களாகப் பின்னிச் செல்கின்றன. நடுவில் இருந்த நீர்த்தடாகம் வற்றிவிட்டது. காற்று கூம்புகளைத் தேய்த்துக் குழிகளை நிரப்பி வருகின்றது. எவரும் அதனைத் தடுக்கவில்லை. இங்கே படைப்பு இயற்கையிடம் ஒப்படைக்கப்பட்டுள்ளது என்று தயக்கமின்றிக் கூறலாம்.

சுருள் அணை குறித்து அவ்வாறு கூற முடியுமா? 1999இல் அது டயா கலை நிறுவனத்திற்கு நன்கொடையாக வழங்கப்பட்டது. மீண்டும் வெளிப்பட்டபோது, மேலும் பாறைகளை இட்டு அதனை உயர்த்தலாமா என்ற யோசனை எழுந்தது, நிறைவேறவில்லை. 2008இல் ஏரியில் எண்ணெய்த் துளையிடும் திட்டம் ஒன்று முன்வைக்கப்பட்டபோது ஆயிரக்கணக்கானோர் ஆட்சேபம் எழுதினர். படைப்பைக் காப்பதா, கலைஞரின் கருத்துப்படி சிதைய விடுவதா என்பதே பல்லாண்டுகளாக விமர்சகர்களின் விவாதமாக இருந்தது. எமது நோக்கில் இவ்விவாதம் பிழையான இடத்தில் தொடங்குகின்றது. நீரின் ஏற்ற இறக்கத்தை இயற்கையின் செயல் என்றே இரு தரப்பினரும் கொள்கின்றனர்.

அந்த ஏரிக்கு வெளியேறும் வழி இல்லை. வரும் ஆற்று நீரும் ஆவியாகும் நீரும் சமநிலையில் இருக்கும் வரையே அது ஏரி. 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் குடியேற்றம் தொடங்கியது முதல் ஆற்று நீர் வயல்களுக்கும் நகரங்களுக்கும் திருப்பப்பட்டு வருகின்றது. அதில் பெரும்பங்கு விவசாயத்திற்கே, குறிப்பாகக் கால்நடைத் தீவனப் பயிர்களுக்கே செல்கின்றது. இதனால் மட்டும் ஏரி 3 மீற்றருக்கு மேல் தாழ்ந்துள்ளதாக ஆய்வாளர் கணிக்கின்றனர். 1980களின் பிற்பகுதியில் உச்ச மட்டத்தை எட்டிய ஏரி, 2022 நவம்பரில் அதனினும் ஏறத்தாழ 7 மீற்றர் தாழ்ந்து, பதிவுகளில் காணாத அளவுக்குச் சுருங்கியது. வெளிப்பட்ட படுகையின் புழுதியில் ஆர்செனிக் போன்ற நச்சுகள் உள்ளன. அருகிலுள்ள நகரங்களின் மக்கள் அதனைச் சுவாசிக்கின்றனர். ஏரியின் நுண் இறாலையும் உவர்நீர் ஈக்களையும் நம்பி வரும் ஒரு கோடியளவான பறவைகளின் நிலையும் இதனுடன் பிணைந்ததே.

ஆக, நீரின் நிறத்தை ரயில் பாதை தீர்மானித்தது; அதன் மட்டத்தைக் காலநிலையுடன் சேர்ந்து கால்வாய்கள் தீர்மானிக்கின்றன. ஸ்மித்சன் தம் படைப்பை எந்த இயற்கையிடம் ஒப்படைத்தாரோ, அதில் மனிதக் கை முன்னரே இருந்தது. அவர் அதனை அறிந்தே தெரிவு செய்தார். அவரைப் பின்பற்றி எழுதியோர் பலர் அதனைக் கவனியாது, சுருள் அணையை ஊழியின் அடையாளமாகப் போற்றிவிட்டனர். இன்று அங்கு செல்வோர் ஏரிக்குள் நிற்கும் சுருளைக் காண்பதில்லை. வெண்ணிற உப்புத்தரையில் கிடக்கும் சுருளைக் கடந்து, நீரைத் தேடி வெகுதூரம் நடக்கின்றனர்.

2024 டிசம்பரில் சுருள் அணை அமெரிக்காவின் தேசிய வரலாற்று இடங்களின் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அக்கௌரவம் பாறைகளுக்கு உரியது. நீருக்கு அதில் பங்கில்லை. ஆற்று நீர் எவருக்கு என்பதை, முதலில் எடுத்துப் பயன்படுத்தியவருக்கே முன்னுரிமை என்ற பழைய விதி நிர்ணயிக்கின்றது. பயன்படுத்தாதவர் உரிமையை இழக்க நேரிடும் என்பதால், தேவையற்ற நீரையும் விவசாயி ஏரிக்கு விட்டுவிட அஞ்சினார். தம் உரிமையை இழக்காமலேயே அவர் அந்நீரை ஏரிக்கு அனுப்ப வழிசெய்யும் சட்டத் திருத்தத்தை யூட்டா மாநிலம் 2022இலேயே நிறைவேற்றியது.