கொல்லைவாசல் வழியே வந்த விளையாட்டுகள்

விலை கொடுத்து வாங்கிய ஒரு கருவியில் எந்த மென்பொருள் இயங்கலாம் என்பதை முடிவு செய்யும் உரிமை வாங்கியவருடையதா, செய்து விற்ற நிறுவனத்துடையதா என்ற கேள்வி கணினியோடு பிறந்த பழைய கேள்வியே ஆயினும், வி.ஆர். ஹெட்செட் எனப்படும் மெய்நிகர்த் தலையணியின் வரலாற்றில் அது புதிய கூர்மையுடன் எழுந்திருக்கிறது. இரு கண்களுக்கும் முன்னால் தனித்தனிக் காட்சிகளையும் வில்லைகளையும் நிறுத்தி, தலை திரும்பும் திசையையும் கைகளின் அசைவையும் நொடிதோறும் கணித்து, அணிந்தவர் வேறோர் இடத்தில் நிற்பது போன்ற உணர்வை உண்டாக்கும் இக்கருவி, நெடுங்காலம் பெரும்பாலும் விலையுயர்ந்த கணினியுடன் கம்பியால் பிணைக்கப்பட்டே இயங்கி வந்தது. 2014இல் ஃபேஸ்புக் நிறுவனம் விலைக்கு வாங்கிய ஓகுலஸ், 2019 மே மாதத்தில் குவெஸ்ட் என்ற ஹெட்செட்டை வெளியிட்டபோது அந்தக் கம்பி அறுந்தது. கணினியின் துணையின்றித் தானே இயங்கும் அந்தக் கருவி 399 டாலருக்குக் கிடைத்ததால், மெய்நிகர் விளையாட்டு ஆய்வுக்கூடத்தையும் ஆர்வலர் அறையையும் தாண்டி வீட்டுக் கூடத்துக்குள் நுழைந்தது.

ஆனால் அந்தக் கருவிக்குள் செல்ல ஒரே ஒரு தலைவாசல்தான் வைக்கப்பட்டிருந்தது. குவெஸ்ட்டுக்கான விளையாட்டுகள் அனைத்தும் நிறுவனத்தின் சொந்த ஆப் ஸ்டோர் வழியாகவே விற்கப்பட வேண்டும் என்றும், விளையாட்டை உருவாக்க நினைப்பவர் அதன் கருத்துருவைத் தொடக்க நிலையிலேயே எழுதி அனுப்பி ஒப்புதல் பெற வேண்டும் என்றும் விதி இருந்தது. தரம் குறைந்த விளையாட்டுகள் குவிந்தால் புதிதாக வருபவர்கள் தலைச்சுற்றலோடும் ஏமாற்றத்தோடும் கருவியைக் கழற்றி வைத்துவிடுவார்கள் என்ற அச்சம் நியாயமானதே. எனினும் அந்தச் சல்லடையில் பதரோடு சேர்ந்து நெல்லும் வெளியே விழுந்தது. சிறு குழுக்களும், வேலை முடிந்த இரவுகளில் தனியாக நிரல் எழுதியவர்களும் தங்கள் படைப்பை மக்களிடம் சேர்க்க வேறு வழி தேட வேண்டியதாயிற்று.

பக்கவாட்டில் ஏற்றுதல்

அவர்கள் கண்ட வழிக்கு சைட்லோடிங் என்று பெயர். தொலைவிலுள்ள வழங்கியிலிருந்து ஒரு கோப்பைக் கருவிக்குள் இறக்குவது பதிவிறக்கம். அங்கே அனுப்புவது பதிவேற்றம். அருகருகே இருக்கும் இரு கருவிகளுக்கிடையே, அதாவது தன் கணினியிலிருந்து தன் ஹெட்செட்டுக்கு, ஸ்டோரின் இடையீடு இல்லாமல் ஒரு செயலியை நேரடியாக மாற்றி நிறுவுவதே பக்கவாட்டில் ஏற்றுதல். குவெஸ்ட் வரிசைக் கருவிகளின் இயங்குதளம், கைப்பேசிகளில் உள்ள ஆண்ட்ராய்டின் மேல் கட்டப்பட்டது என்பதே இதைச் சாத்தியமாக்கிய அடிப்படைக் காரணம். ஆண்ட்ராய்டு செயலிகள் ஏ.பி.கே. எனப்படும் ஒற்றைப் பொதிக் கோப்பாக அமைந்திருப்பதால், கைப்பேசியில் அப்பொதியை நிறுவப் பயன்படும் கருவிகளே ஹெட்செட்டுக்கும் பொருந்திவிட்டன.

செய்முறையும் புரியாத வித்தை அன்று. முதலில் உரிமையாளர், நிறுவனத்தின் உருவாக்குநர் தளத்தில் தம்மைப் பதிவு செய்துகொண்டு, தொலைபேசி எண் அல்லது வங்கி அட்டை மூலம் தம் கணக்கை உறுதிப்படுத்த வேண்டும். அதன்பின் ஹெட்செட்டோடு இணைந்த கைப்பேசிச் செயலியில் டெவலப்பர் மோட் என்ற நிலையை இயக்கலாம். விளையாட்டை எழுதுபவர்கள் முடிவுறாத வடிவங்களைச் சோதித்துப் பார்ப்பதற்காக நிறுவனமே அமைத்த வசதி இது. பிறகு யூ.எஸ்.பி. கேபிளால் கருவியைக் கணினியுடன் இணைத்ததும், அந்தக் கணினியை நம்பலாமா என்று ஹெட்செட்டின் திரையில் ஒரு கேள்வி தோன்றும்; அணிந்தவர் சம்மதித்தால்தான் அடுத்த படி. ஏ.டி.பி. எனப்படும் ஆண்ட்ராய்டின் இணைப்பு நிரல் பொதியைக் கருவிக்குள் செலுத்தி நிறுவும். பெரிய விளையாட்டுகளில் படங்களும் ஒலிகளும் ஓ.பி.பி. என்ற தனிக் கோப்பாக வரும் என்பதால், அதனையும் உரிய கோப்புறையில் வைத்தாக வேண்டும். நிறுவிய விளையாட்டு, ஸ்டோரில் வாங்கியவற்றோடு கலக்காமல், அறியப்படாத மூலங்கள் என்ற பொருள்படும் தனிப் பிரிவில் காட்டப்படும்.

இங்கே ஒரு வேறுபாட்டை மனத்தில் கொள்வது நல்லது. கருவியின் இயங்குதளப் பூட்டையே உடைத்து முழு ஆளுகையைக் கைப்பற்றுவது வேறு, சைட்லோடிங் வேறு. இதில் எந்தப் பூட்டும் உடைபடுவதில்லை. நிறுவனம் வைத்த கதவு, நிறுவனம் தந்த சாவியால் திறக்கப்படுகிறது. கொல்லைப்புற வழி என்றாலே முறைகேடு என்று பொருள் கொள்ளும் வழக்கம் தமிழில் உண்டு. ஆயினும் வீட்டுக்காரர் தம் வீட்டின் கொல்லைவாசலைப் பயன்படுத்துவதில் முறைகேடு ஏதுமில்லை. அந்த வாசல் வழியே எதைக் கொண்டு வருகிறார் என்பதில்தான் நன்மையும் தீமையும் பிரிகின்றன.

வெளியே நின்றவை உள்ளே அழைக்கப்பட்ட வரலாறு

கட்டளை வரிகளை அறியாதவர்களும் இந்த வழியைப் பயன்படுத்தும்படி, நிரலாளர் ஷேன் ஹாரிஸ் 2019இல் சைட்குவெஸ்ட் என்ற நிரலை வெளியிட்டார். ஸ்டோருக்கு வெளியே இருந்த விளையாட்டுகளை ஓரிடத்தில் பட்டியலிட்டு, ஒரு பொத்தானை அழுத்தியதும் நிறுவும்படி செய்ததால், அது விரைவில் இரண்டாவது சந்தையாகவே வளர்ந்தது. அந்தச் சந்தையின் பயனை உணர்த்தும் முதல் சான்று, கீ கோடின் உருவாக்கிய விர்ச்சுவல் டெஸ்க்டாப் என்ற செயலியின் கதை. கணினியில் இயங்கும் மெய்நிகர் விளையாட்டுகளை வைஃபை வழியாக ஹெட்செட்டில் ஆட உதவும் வசதியை அவர் அதில் சேர்த்திருந்தார். 2019இல் அந்த வசதியை நீக்கினால்தான் செயலி ஸ்டோரில் நிலைக்க முடியும் என்று நிறுவனம் கூறியதால், ஸ்டோர்ப் பதிப்பிலிருந்து அதை நீக்கிவிட்டு, விலை கொடுத்து வாங்கியவர்கள் சைட்குவெஸ்ட் வழியாக நிறுவிக்கொள்ளும் இணைப்பாக அதனைத் தந்தார். ஏறத்தாழ ஒன்றரை ஆண்டுகள் கொல்லைவாசலில் வாழ்ந்த அந்த வசதி, 2021 பிப்ரவரியில் ஸ்டோர்ப் பதிப்புக்குள்ளேயே அனுமதிக்கப்பட்டது. அடுத்த சில மாதங்களுக்குள் அதே பணியைச் செய்யும் ஏர் லிங்க் என்ற வசதியை நிறுவனம் தானே வழங்கியது. தடுக்கப்பட்டதன் தேவையைப் பயனர்கள் தங்கள் பயன்பாட்டால் மெய்ப்பித்திராவிட்டால் இந்த மாற்றம் இவ்வளவு விரைவில் நேர்ந்திருக்குமா என்பது ஐயமே.

2021 பிப்ரவரியிலேயே நிறுவனம் ஆப் லேப் என்ற நடுவழியையும் திறந்தது. கலைத்தரச் சோதனை இல்லாமல், தொழில்நுட்பமும் உள்ளடக்க விதிகளும் மட்டும் பார்க்கப்பட்டு, ஸ்டோரின் முகப்பில் காட்டப்படாமல், முகவரியோ முழுப் பெயரோ அறிந்தவர்கள் மட்டும் நிறுவிக்கொள்ளத்தக்கதாக விளையாட்டுகளை வெளியிட அது இடம் தந்தது. அவ்வழியே வந்தவற்றுள் கொரில்லா டேக் குறிப்பிடத்தக்கது. கால்களே இல்லாத குரங்குருவில், தரையையும் மரங்களையும் கைகளால் உந்தித் தள்ளி ஓடிப் பிடிக்கும் இவ்விளையாட்டின் காட்சிகள் மிக எளியவை. விசையை அழுத்தி நடப்பதற்குப் பதிலாக உடலையே வருத்தி நகரச் செய்யும் அதன் இயக்கமுறைதான் புதுமை. எந்த விளம்பரமும் இன்றிச் சிறுவர்களின் வாய்மொழியால் பரவிய அது, 2022 இறுதியில் முதன்மை ஸ்டோருக்குள் சேர்க்கப்பட்டு, 2024இல் பத்துக் கோடி டாலர் வருவாயைக் கடந்ததாக அறிவிக்கப்பட்டது. அதே 2024 ஆகஸ்டில் ஆப் லேப் என்ற தனிப் பிரிவு கலைக்கப்பட்டு, அதிலிருந்தவை அனைத்தும் முதன்மை ஸ்டோரோடு இணைக்கப்பட்டன. 2019இல் குறுகலாகத் தொடங்கிய தலைவாசல், கொல்லைவாசலைப் பார்த்தே தன்னை அகலப்படுத்திக்கொண்டது என்று கூறுவது மிகையாகாது.

பழைய விளையாட்டுகளின் மறுபிறவி

சைட்லோடிங் தந்த கொடைகளுள் மிக அழகியது, பழைய கணினி விளையாட்டுகள் மெய்நிகர் வடிவில் மீண்டும் எழுந்தமையாகும். இட் சாஃப்ட்வேர் நிறுவனம் 1993இல் வெளியிட்ட டூம், 1996இல் வெளியிட்ட குவேக் ஆகியவற்றின் மூல நிரல்களை முறையே 1997இலும் 1999இலும் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது. டாக்டர் பீஃப் என்ற புனைபெயரில் இயங்கிய நிரலாளரும் அவருடன் சேர்ந்த குழுவினரும் இத்தகைய மூல நிரல்களை எடுத்து, தட்டையான திரைக்காக வரையப்பட்ட உலகங்களை இரு கண்களுக்கும் தனித்தனியே வரைந்து காட்டும்படியும், துப்பாக்கியின் குறியை ஆடுபவரின் கை அசைவே தீர்மானிக்கும்படியும் மாற்றி அமைத்துப் பொருள் பெறாமல் வழங்கினர்.

இதில் சட்டமும் அறமும் கைகோத்து நிற்கும் விதம் கற்றுக்கொள்ளத்தக்கது. ஒரு விளையாட்டில் இரு கூறுகள் உண்டு: உலகத்தை இயக்கும் நிரலான எஞ்சின் ஒன்று, அதில் தோன்றும் ஓவியம், ஒலி, நிலப்பரப்பு ஆகிய உள்ளடக்கம் மற்றொன்று. திறந்துவிடப்பட்டது எஞ்சின் மட்டுமே. உள்ளடக்கம் இன்றும் பதிப்புரிமைக்கு உட்பட்டது. ஆகவே இக்குழுவினர் எஞ்சினை மட்டும் தந்து, முழு விளையாட்டையும் ஆட விரும்புபவர் அசல் பதிப்பை விலைக்கு வாங்கி, அதன் கோப்புகளைத் தாமே படியெடுத்து ஹெட்செட்டில் வைத்துக்கொள்ள வேண்டும் என்று விதித்தனர். மேடையை இலவசமாகக் கட்டித் தந்தாலும், கூத்துக்குரிய கூலி கலைஞருக்கே சேர வேண்டும் என்பதே இந்த ஏற்பாட்டின் உட்பொருள்.

பொதியும் முத்திரையும்

வாங்கிய விளையாட்டையே திருத்தியமைப்பது மற்றொரு பயன்பாடு. தாளத்துக்கேற்ப ஒளிவாளால் கட்டைகளை வெட்டும் பீட் சேபர் என்ற விளையாட்டில், தாம் விரும்பும் பாடல்களைச் சேர்க்க ஆடுபவர்கள் மேற்கொண்ட முயற்சிகள் இதற்குத் தக்க எடுத்துக்காட்டு. ஒவ்வோர் ஏ.பி.கே. பொதியிலும் அதை உருவாக்கியவரின் எண்முறைக் கையொப்பம் இருக்கும். தபால் உறையின் அரக்கு முத்திரை போன்ற அது, உள்ளே ஓர் எழுத்து மாறினாலும் செல்லாததாகிவிடும். எனவே திருத்திய பொதிக்குப் புதிய கையொப்பம் இட்டு, பழையதை முற்றாக நீக்கிய பின்னரே நிறுவ முடிகிறது. அப்போது சேமித்து வைத்த ஆட்ட நிலைகள் அழிந்துபோகக்கூடும். ஸ்டோரிலிருந்து புதிய பதிப்பு வரும்போது திருத்தங்கள் பயனற்றுப்போவதும் உண்டு.

அந்த முத்திரை எதற்காக இருக்கிறது என்பதை உணர்ந்தால், கொல்லைவாசலின் ஆபத்தும் விளங்கும். விலைக்கு விற்கப்படும் விளையாட்டுகளின் பூட்டு உடைக்கப்பட்ட படிகளும் இதே வழியில்தான் புழங்குகின்றன. உடைத்தவர் யாரென்று தெரியாத ஒரு பொதியில், விளையாட்டோடு வேறு என்ன சேர்க்கப்பட்டிருக்கிறது என்பதைச் சொல்ல எந்தச் சான்றும் இல்லை. ஒலிவாங்கியையும் சேமிப்பகத்தையும் அணுக அனுமதி கேட்கும் அத்தகைய செயலியை, கணக்கும் பண அட்டையும் பதிந்த கருவியில் ஏற்றுவது அறிமுகமற்றவரிடம் வீட்டுச் சாவியைக் கொடுப்பதற்கு ஒப்பாகும். அதைவிடப் பெரிய கேடு, மெய்நிகர் விளையாட்டுச் சந்தை இன்னும் சிறியது என்பதால், திருட்டுப் படிகளால் இழக்கும் வருவாய், சில பேரே கொண்ட குழுக்களின் அடுத்த விளையாட்டையே கருவில் அழித்துவிடும் என்பது.

உடல்நலமும் கருதத்தக்கது. தலை திரும்பும் வேகத்துக்குக் காட்சி ஈடுகொடுக்காவிட்டால் குமட்டலும் மயக்கமும் உண்டாகும் என்பதால், முதல் குவெஸ்ட்டின் ஸ்டோருக்கு வரும் விளையாட்டு நொடிக்கு 72 படங்களைத் தடையின்றிக் காட்ட வேண்டும் என்ற நியதி இருந்தது. சைட்லோட் செய்யப்படும் விளையாட்டுக்கு அந்தக் காவல் இல்லை. எனவே படைப்பாளியே நேரடியாக வெளியிடும் இடத்திலிருந்து மட்டும் பொதியைப் பெறுவதும், கேட்கப்படும் அனுமதிகளைப் படித்துப் பார்ப்பதும், புதிய விளையாட்டை அமர்ந்த நிலையில் சிறிது நேரம் சோதிப்பதும், பிள்ளைகள் அணியும் கருவியில் டெவலப்பர் மோடைப் பெரியவர்களே தங்கள் பொறுப்பில் வைத்துக்கொள்வதும் குறைந்தபட்ச முன்னெச்சரிக்கைகள்.

சாவி யாரிடம்?

இத்தனைக்கும் பிறகு கொல்லைவாசல் தேவைதானா என்று கேட்பவர்களுக்குக் காலமே விடை தருகிறது. 2018இல் வெளிவந்த ஓகுலஸ் கோ என்ற எளிய ஹெட்செட்டின் விற்பனை 2020இல் நிறுத்தப்பட்டது. அந்நிறுவனத்தின் தொழில்நுட்பத் தலைவராக முன்பு இருந்தவரும், டூம், குவேக் விளையாட்டுகளின் தலைமை நிரலாளருமான ஜான் கார்மாக்கின் தொடர்ந்த வலியுறுத்தலால், 2021இல் அக்கருவியின் இயங்குதளப் பூட்டைத் திறக்கும் பதிப்பை நிறுவனமே வெளியிட்டது. வழங்கிகள் ஒருநாள் நின்றுபோனாலும் வாங்கியவர் கையில் கருவி பயனற்ற பெட்டியாகிவிடக் கூடாது என்ற எண்ணம் அதில் இருந்தது. ஆனால் அது விதிவிலக்காகவே நின்றுவிட்டது. டெவலப்பர் மோடுக்கும் நிறுவனத்தின் கணக்கும் ஒப்புதலும் இன்றளவும் தேவைப்படுகின்றன. வாசல் திறந்திருப்பினும் சாவிக்கொத்து இன்னும் நிறுவனத்தின் இடுப்பில்தான் தொங்குகிறது. அந்த வாசலை மீண்டும் பூட்டத் திருட்டுப் படிகளைவிடச் சிறந்த சாக்கு அதற்குக் கிடைக்காது. ஆகவே வாசலை நேர்மையாகப் பயன்படுத்துவதே அதைத் திறந்து வைத்திருப்பதற்கான வழியுமாகிறது.

2019இல் விற்பனைக்கு வந்த முதல் குவெஸ்ட்டுக்குப் புதிய வசதிகள் இனி வராது என்று 2023இல் அறிவிக்கப்பட்டது; முதன்மை ஸ்டோரின் புதிய விளையாட்டுகளுக்கு அது இன்று கிழட்டுக் கருவி. ஆயினும் ஒரு கேபிளும் கொஞ்சம் பொறுமையும் இருந்தால், 1996இல் எழுதப்பட்டு, 1999இல் திறந்துவிடப்பட்டு, பல ஆண்டுகளுக்குப்பின் அறிமுகமற்ற சிலரால் அன்போடு மாற்றியமைக்கப்பட்ட குவேக்கின் இருண்ட கோட்டைக்குள், அதை அணிந்தவர் இன்றும் தலையைத் திருப்பி நான்கு புறமும் பார்த்தபடி நடக்கலாம்.