அந்துப்பூச்சிகளும் ஆண்டுக் குறிப்பும்

சேமித்த நெல்லில் விழும் சிறு பூச்சியை மக்கள் அந்து என்பர். இரவில் விளக்கை நாடி வருவதை விட்டில் என்பர். பூச்சியியலாரோ இவற்றையும் இவற்றின் உறவினங்களையும் அந்துப்பூச்சிகள் என்னும் ஒரே பிரிவில் அடக்குகின்றனர். இந்தியாவில் 10,000க்கும் மேற்பட்ட அந்துப்பூச்சி இனங்கள் உள்ளன. வண்ணத்துப்பூச்சி இனங்களோ ஏறத்தாழ 1,300 மட்டுமே.

கொச்சியின் பழைய வணிகப் பகுதியாகிய மட்டாஞ்சேரியில் அந்தும் விட்டிலும் அருகருகே வாழ்கின்றன. அரிசி, மிளகு, சுக்கு முதலிய பண்டங்களைச் சேமித்த கிடங்குகள் அங்கே பல தலைமுறைகளாக இருந்து வந்துள்ளன. வீட்டுத் தோட்டங்களும் காயலோரச் செடிகொடிகளும் தொலைவில் இல்லை. ஆகவே, அங்கு ஒரு விளக்கில் வந்து விழும் பூச்சி கிடங்கிலிருந்தும் வந்திருக்கலாம், தோட்டத்திலிருந்தும் வந்திருக்கலாம். எது என்று அறிவதற்கு அதன் இனத்தைக் கண்டறிதல் வேண்டும்.

கிடங்கில் காணப்படும் இரண்டு இனங்களை எளிதில் பிரித்தறியலாம். அரிசி அந்து, அதாவது கார்சைரா செபலோனிகா, சாம்பல் கலந்த பழுப்பு நிறமுடையது. பெண் பூச்சியின் முகத்தில் உள்ள உணர்நீட்சிகள் நீண்டு கூர்மையாக இருக்கும். ஆணில் இவை குறுகியவை. இதன் புழு அரிசி மணிகளைப் பட்டு போன்ற நூலால் பிணைத்துக் கட்டிகளாக்கிவிடும். நெல் அந்து, அதாவது சைட்டோட்ரோகா சீரியலெல்லா, வைக்கோல் நிறமுடையது. அதன் பின்சிறகின் நுனி கூரியது. ஓரத்தில் நீண்ட மயிர்கள் உண்டு. அதன் புழு தானிய மணிக்குள்ளேயே இருந்து வளரும். மணியில் காணும் வட்டத் துளை, பூச்சி வெளியேறிய வழியாகும்.

பிற இனங்களை அறிவது இத்துணை எளிதன்று. நீலகிரியில் தேயிலைத் தோட்டம் நடத்திய ஜார்ஜ் ஹாம்ப்ஸன், 1892 முதல் 1896 வரை இந்திய அந்துப்பூச்சிகளைப் பற்றி நான்கு தொகுதிகளை வெளியிட்டார். அவை இன்றும் பார்வைக்குரியன. ஆயினும் பல பெயர்கள் பின்னர் மாறியுள்ளன. பெரிய இனங்கள் பலவற்றை நல்ல நிழற்படங்களைக் கொண்டே அறியலாம். சிறிய இனங்கள் பலவற்றிற்குச் சிறகு நரம்புகளையும் இனப்பெருக்க உறுப்புகளையும் உருப்பெருக்கியின் கீழ் ஆராய வேண்டும்.

பெயர் மட்டும் தெரிந்தால் போதாது. நாள், இடம், விளக்கின் வகை, பார்த்த நேரம், மழை, நிலவொளி, வந்த பூச்சிகளின் எண்ணிக்கை ஆகியவற்றையும் குறித்தல் வேண்டும். வெள்ளைத் துணியொன்றைக் கட்டி, அதன் முன் விளக்கேற்றினால் பூச்சிகள் துணியில் அமரும். எப்போதும் ஒரே வகை விளக்கை, ஒரே கால அளவுக்கு வைப்பது நன்று. நிலவொளி மிகுந்த இரவுகளில் வரவு குறையும். ஒரு பூச்சியும் வராத இரவையும் எழுதி வைத்தல் இன்றியமையாதது. எழுதாத இரவுக்கும் பூச்சி வராத இரவுக்கும் வேறுபாடு தெரியாவிட்டால், அக்குறிப்பைக் கொண்டு யாதொரு முடிவுக்கும் வர இயலாது.

2012ஆம் ஆண்டு அமெரிக்காவில் தொடங்கிய தேசிய அந்துப்பூச்சி வாரம், ஆண்டுதோறும் ஜூலை இறுதியில் பல நாடுகளில் நடைபெறுகிறது. கொச்சியில் அது தென்மேற்குப் பருவமழைக் காலம். அவ்வொரு வாரக் கணக்கு ஆண்டு முழுவதற்கும் சான்றாகாது. இலையுண்ணும் புழுக்கள் பல, மழைக்குப்பின் தோன்றும் தளிரைச் சார்ந்து பெருகுகின்றன. கிடங்குப் பூச்சிகளோ உணவும் வெப்பமும் குறையாமையால் எம்மாதத்திலும் பெருக வல்லவை. பன்னிரு மாதக் குறிப்பு இவ்விரு வகையினரையும் தெளிவாகப் பிரித்துக் காட்டும்.

இத்தகைய காலக் குறிப்பின் பயனை அதே கேரளத்தில் உள்ள நிலம்பூர்த் தேக்குத் தோட்டங்களில் காணலாம். அங்கு ஹைபிளியா பியூரா என்னும் அந்துப்பூச்சியின் புழுக்கள் தேக்கிலைகளைத் தின்று மரங்களை மொட்டையாக்குகின்றன. 1975இல் நிறுவப்பெற்ற கேரள வன ஆராய்ச்சி நிலையத்தின் அறிஞர்கள் ஆண்டுதோறும் இதனைக் கவனித்தனர். ஏப்ரல் இறுதியில், கோடைமழையை அடுத்துத் தேக்கு தளிர்க்கும்போது, சிறு சிறு திட்டுகளில் தாக்குதல் தொடங்கிப் பின்னர்ப் பரவுவதைக் கண்டனர். இளந்தோட்டங்களில் மரத்தின் பருமன் வளர்ச்சியில் ஏறத்தாழ 44 விழுக்காடு இதனால் இழக்கப்படுவதாகவும் அவர்கள் கணித்தனர். தொடக்கக் காலமும் இடமும் தெரிந்தமையால், தோட்டம் முழுவதற்கும் மருந்தடிக்காமல், அப்புழுவை மட்டும் நோயுறச் செய்யும் வைரஸை உரிய நேரத்தில் தெளிக்கும் முறையை ஆராய முடிந்தது.

மட்டாஞ்சேரிக் கிடங்கினருக்கும் இது பொருந்தும். விளக்கில் அரிசி அந்தின் எண்ணிக்கை வழக்கத்திற்கு மேல் உயர்ந்தால், மூட்டைகளை அன்றே பிரித்துப் பார்க்கலாம். எது வழக்கம் என்பதை முந்தைய மாதங்களின் குறிப்பே கூறும். இவ்வந்திற்கு நற்பயனும் ஒன்று உண்டு. ஆராய்ச்சிக் கூடங்களில் இதன் முட்டைகளில் டிரைக்கோகிராமா என்னும் நுண்குளவியை வளர்த்து, நெற்பயிரைத் தாக்கும் தண்டுத் துளைப்பானை ஒடுக்க வயலில் விடுகின்றனர். பூச்சியைப் பகையென்றோ துணையென்றோ கொள்ளுமுன், அதன் பெயரையும் காலத்தையும் சரியாக அறிதல் முதற்கடமையாகும்.