ஆரப்பாளையத்தில் ஆறு, அடியில் 2,600 வருஷம்! தெரியுமா?

ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்டில் தேனி பஸ்ஸுக்கு எத்தனை தடவை காத்து நின்றிருப்பீர்கள்! பக்கத்தில் வைகை ஓடுகிறதே (சரி, பாதி நாள் மணல்தான்!), அதன் கரையோரத்தில் எத்தனை பழைய ஊர்களின் தடயங்கள் தெரியுமா? 293! மத்தியத் தொல்லியல் துறையின் கே. அமர்நாத் ராமகிருஷ்ணா குழு, ஆறு பிறக்கும் இடத்திலிருந்து கடல்வரை தேடி எடுத்த கணக்கு!

அதில் ஒன்றுதான் கீழடி! மதுரைக்குத் தென்கிழக்கே சுமார் 12 கி.மீ. அதை முதலில் அடையாளம் கண்டது யார் தெரியுமா? ஒரு பள்ளிக்கூட வாத்தியார்! 1970களில் கீழடியில் வரலாறு நடத்திய பாலசுப்ரமணியம். கிணறு தோண்டும்போது கிடைத்ததென்று பிள்ளைகள் கொண்டுவந்து கொடுத்தவற்றை, 'போடா, போய்ப் படி' என்று வீசிவிடாமல் பத்திரப்படுத்தினார்! அதிகாரிகளுக்கும் தகவல் சொன்னார். தொல்லியல் அறிஞர் வெ. வேதாசலம் வந்து பார்த்தார்.

சரி, குழி தோண்டியது எப்போது?

2014-15இல்! ஏறக்குறைய 40 வருஷம் கழித்து! அன்றைக்கு ஓட்டாஞ்சில்லு பொறுக்கிய பையன்களே தாத்தாக்கள் ஆகியிருப்பார்கள்!

அத்தனை வருஷமும் அந்த நகரம் எங்கே ஒளிந்திருந்தது? தென்னந்தோப்புக்கு அடியில்! பள்ளிச்சந்தைத் திடல், 110 ஏக்கர்! மேலே வீடு முளைக்காதது நம் அதிர்ஷ்டம். மதுரைக்குள் இருந்திருந்தால் என்றைக்கோ அடுக்குமாடி ஏறியிருக்கும்!

353 செ.மீ. ஆழத்தில் ஒரு கரித்துண்டு. அதன் காலத்தைக் கணிக்க அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். வந்த பதில்? கி.மு. 580!

மாநிலத் தொல்லியல் துறையின் 2018 அகழாய்வில் மட்டும் 5,820 பொருட்கள்! தமிழி (தமிழ் பிராமி) எழுத்து கீறிய ஓடுகள் 56! குறியீடு கீறிய ஓடுகள் 1,001! ஒரு சில்லைக் கையில் எடுத்ததாக நினைத்துக்கொள்ளுங்கள். பானையின் கழுத்துக்குக் கீழே, தோள்பட்டை வளைவில், கூரான எதையோ வைத்துக் கீறிய பெயர்: ஆதன்! எவர்சில்வர் குடத்தில் அம்மா பெயர் பொறித்து வைக்கிறோமே, அதே பழக்கம்தானோ!

இப்போது அந்தத் தேனி பஸ்ஸில் ஏறுங்கள். ஆண்டிபட்டி வட்டாரத்துப் புலிமான்கோம்பையில் 2006இல் கிடைத்தவை என்ன தெரியுமா? தமிழி பொறித்த 3 நடுகற்கள்! ஒன்று, மாடு கவர்ந்த சண்டையில் மாண்டவனுக்கு நட்ட கல்! ஆற்றின் மேற்கே அந்தக் கல், கிழக்கே கீழடி, நடுவில் ஆரப்பாளையம்!

வழிகாட்ட ஆள் வேண்டுமா? எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் ஒருங்கிணைக்கும் 'பசுமை நடை' என்ற நடைப்பயணக் குழுவோடு கிளம்பினால், சொ. சாந்தலிங்கம் போன்ற கல்வெட்டு அறிஞர்களே பாறை மேல் நின்று வாசித்துக் காட்டுவார்கள்! மாங்குளம் மலையில் பாண்டியன் நெடுஞ்செழியன் பெயரே 2,000 வருஷத்துக்கு மேலாகக் கல்லில் நிற்கிறது! டிக்கெட் எடுத்துச் சுற்றும் எந்த டூரில் இது கிடைக்கும்?

கடைசியாக ஒன்று! கீழடிக்குப் பக்கத்துக் கொந்தகையில், தாழியில் புதைத்தவர்களின் இரண்டு மண்டை ஓடுகளை வைத்து, இங்கிலாந்தின் லிவர்பூல் ஜான் மூர்ஸ் பல்கலைக்கழகத்தில் முகம் வரைந்தார்கள். 2025இல் படம் வெளிவந்தது. பார்த்தீர்களா? பக்கத்து டீக்கடையில் பேப்பர் படிக்கிற அண்ணன் மாதிரியே இல்லை?