துக்க வீட்டிற்குச் செல்லும் உருளைக்கிழங்கு

'காசரோல்' என்றவுடன் நம் நகரத்து இல்லத்தரசிகளின் நினைவுக்கு வருவது, சப்பாத்தியைச் சூடு ஆறாமல் காக்கும் மூடிபோட்ட பாத்திரமே. அமெரிக்காவில் அச்சொல்லுக்குப் பொருள் வேறு. அகன்ற, ஆழம் குறைந்த பாத்திரத்தில் பல பொருள்களைக் கலந்து பரப்பி, ஓவனில் வேகவைத்து, அதே பாத்திரத்தோடு மேசைக்குக் கொண்டுவரும் உணவை அவர்கள் காசரோல் என்கின்றனர். பாத்திரத்திற்கும் பண்டத்திற்கும் அங்கே ஒரே பெயர்.

அவ்வகை உணவுகளில் மிக எளியது, சீஸும் பேக்கனும் சேர்த்த உருளைக்கிழங்குக் காசரோல். ஞாயிறு மதிய உணவிலும் பண்டிகை விருந்திலும் இதற்கு இடமுண்டு. ஆயினும் இதே குடும்பத்தைச் சேர்ந்த ஒரு பண்டத்திற்கு யூட்டா, ஐடஹோ ஆகிய மேற்கு மாநிலங்களில் வழங்கும் பெயர் நம்மைச் சற்றுத் திகைக்க வைக்கும். அதை அவர்கள் 'அடக்க நாள் உருளைக்கிழங்கு' என்று அழைக்கின்றனர். உருளைக்கிழங்கு, சீஸ், புளித்த பாலேடு, கெட்டியான சூப், வெண்ணெய் ஆகியவற்றைக் கலந்து, மேலே நொறுக்கிய கார்ன்ஃபிளேக்ஸ் தூவி வேகவைப்பது அதன் வழக்கமான முறை. பேக்கன் சேர்ப்பது பல இல்லங்கள் தாமாகச் செய்துகொண்ட மாறுதல்.

அன்பான வாசகர்களே, ஓர் உணவுக்கு ஏன் இப்படி ஒரு பெயர்? அந்தக் கேள்விக்கு விடை தேடினால், சமையல் குறிப்பைவிடப் பெரிய பாடம் ஒன்று நமக்குக் கிடைக்கிறது.

சபையின் சமையலறையிலிருந்து

யூட்டா மாநிலத்தில் மார்மன் சபையினர் பெருந்தொகையாக வாழ்கின்றனர். அச்சபைப் பெண்களின் உதவிச் சங்கம் 1842ஆம் ஆண்டு இல்லினாய் மாநிலத்தின் நாவூ நகரில் தொடங்கப்பட்டது. ஒரு குடும்பத்தில் மரணம் நேர்ந்தால், அடக்கம் முடிந்து திரும்பும் உறவினருக்கு உணவளிக்கும் பொறுப்பை அச்சங்கத்துப் பெண்கள் ஏற்பது நீண்டநாள் வழக்கம். அந்த மேசையில் தவறாமல் இடம்பெற்றதால் இப்பண்டத்திற்கு இப்பெயர் நிலைத்தது. 2002ஆம் ஆண்டு சால்ட் லேக் நகரில் குளிர்கால ஒலிம்பிக் போட்டிகள் நடந்தபோது, நினைவுப் பொருளாக விற்ற சட்டை ஊசிகளில் ஒன்றில் இவ்வுணவின் உருவம் பொறிக்கப்பட்டிருந்தது. அந்த மாநிலத்தின் அடையாளமாகவே இது அங்கீகாரம் பெற்றது.

இவ்வழக்கம் ஒரு சபைக்கு மட்டும் உரியதன்று. மின்னசோட்டாவில் லூத்தரன் சபைகளின் கீழ்த்தளச் சமையலறைகளிலும், தென் மாநிலங்களின் பாப்டிஸ்ட் சபைகளிலும் பெண்கள் இவ்வாறே துக்க வீட்டாருக்கு உணவளித்து வந்துள்ளனர். உபதேசத்தில் ஒன்றோடொன்று வேறுபடும் சபைகள், காசரோல் பாத்திரத்தைச் சுமப்பதில் ஒன்றுபட்டன.

ஏன் இந்த உணவு?

துயரத்தில் இருப்பவருக்கு உணவு கொண்டுசெல்வோர் எண்ணிப் பார்க்க வேண்டியது, "இது எவ்வளவு சுவையானது?" என்பதை மட்டும் அன்று, "இதைப் பெறுகிறவரிடம் இது எதைக் கேட்கிறது?" என்பதையுமே. இலை விரிக்க வேண்டுமா, நான்கு கிண்ணங்கள் வேண்டுமா, உடனே உண்ண வேண்டுமா, ஒருவர் நின்று பரிமாற வேண்டுமா? இந்தக் காசரோல் ஒன்றையும் கேட்பதில்லை. முந்தைய நாளே ஆயத்தம் செய்யலாம். ஒரே பாத்திரத்தில் எட்டுப் பேருக்குப் போதுமானது. மென்மையாக இருப்பதால் முதியோரும் சிறுவரும் எளிதில் உண்பர். இரவு பத்து மணிக்குப் பசித்தவர் ஒரு கரண்டி எடுத்துச் சூடாக்கிக்கொள்ளலாம்.

இது உருவான வரலாறும் இந்த எளிமைக்கே துணைநின்றது. சூட்டைத் தாங்கும் பைரெக்ஸ் கண்ணாடிப் பாத்திரங்கள் 1915இல் விற்பனைக்கு வந்தன. கேம்பல் நிறுவனத்தின் கெட்டியான காளான் சூப் 1934இல் வந்தது. பொருளாதார வீழ்ச்சியால் நாடு வாடியிருந்த அக்காலத்தில், பாலும் மாவும் காய்ச்சிச் செய்ய வேண்டிய குழம்பின் வேலையை ஒரு தகர டப்பா செய்து முடித்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின், நறுக்கி உறையவைத்த உருளைக்கிழங்கு கடைகளில் பெருகியது. உருளைக்கிழங்கு விளைச்சலில் அமெரிக்காவில் முதலிடம் வகிப்பது ஐடஹோ மாநிலம் என்பதையும் இங்கே நினைவில் கொள்ளலாம். மலிவான கிழங்கு, கெடாத டப்பா, சூட்டைத் தாங்கும் பாத்திரம் ஆகிய மூன்றும் சேர்ந்து, ஏழைக் குடும்பமும் பிறருக்குக் கொடுக்கக்கூடிய ஓர் உணவைத் தந்தன.

நம் ஊர்களிலும் துக்கம் நேர்ந்த வீட்டில் அடுப்பு மூட்டுவதில்லை. பங்காளிகளும் அண்டை வீட்டாரும் உணவு கொண்டுவருவர். ஆனால் பிழைப்பு நாடி மும்பைக்கும் டெல்லிக்கும் பெங்களூருக்கும் வந்த நமக்கு, பங்காளிகள் ஆயிரம் கிலோமீட்டர் தொலைவில் இருக்கின்றனர். அடுக்குமாடிக் குடியிருப்பில் எதிர்வீட்டுக் கதவு மூடியே இருக்கிறது. அந்தக் கதவைத் தட்ட நமக்கு ஒரு பாத்திரம் தேவைப்படுகிறது.

தேவையான பொருள்கள் (8 பேருக்கு)

உருளைக்கிழங்கு 1 கிலோ, பேக்கன் 200 கிராம், பெரிய வெங்காயம் 1, வெண்ணெய் 2 மேசைக்கரண்டி, மைதா 2 மேசைக்கரண்டி, பால் 400 மில்லி, துருவிய சீஸ் 200 கிராம், துணியில் கட்டி நீர் வடித்த தயிர் 100 கிராம், மிளகுத்தூள் 1 தேக்கரண்டி, இனிப்புச் சேர்க்காத கார்ன்ஃபிளேக்ஸ் 2 கோப்பை, அதில் கலக்க உருக்கிய வெண்ணெய் 1 மேசைக்கரண்டி, உப்பு சிறிதளவு.

அமெரிக்கர் சேர்க்கும் டப்பா சூப்பிற்குப் பதிலாகப் பாலும் மைதாவும், புளித்த பாலேட்டிற்குப் பதிலாக வடித்த தயிரும் இங்கே கூறப்பட்டுள்ளன. இவை எந்த நகரத்திலும் கிடைப்பவை.

செய்முறை

1. உருளைக்கிழங்கின் தோலைச் சீவி, ஒன்றரை சென்டிமீட்டர் அளவுள்ள துண்டுகளாக நறுக்கி, உப்பிட்ட நீரில் 8 நிமிடம் வேகவைக்கவும். கத்தி முனை எளிதில் இறங்க வேண்டும், துண்டு உடையக்கூடாது. நீரை வடித்து, ஆவி அடங்கும்வரை விரித்து வைக்கவும். இப்படி முன்னரே வேகவைப்பதற்குக் காரணம் உண்டு. தயிரின் புளிப்பு கிழங்கின் செல்சுவர்களை எளிதில் இளக விடாது. பச்சைக் கிழங்கை நேரே தயிர்க் குழம்பில் இட்டால், மேலே கருகியும் உள்ளே நறுக்கென்று வேகாமலும் இருக்கும்.

2. பேக்கனைச் சிறு துண்டுகளாக்கி, சூடேறாத வாணலியிலேயே இட்டு, மெல்லிய தீயில் வறுக்கவும். மெதுவாகச் சூடேறும்போது கொழுப்பு உருகி வெளியேறி, துண்டுகள் மொறுமொறுப்பாகும். துண்டுகளை எடுத்துவிட்டு, உருகிய கொழுப்பில் ஒரு மேசைக்கரண்டி மட்டும் வாணலியில் நிறுத்தவும்.

3. அக்கொழுப்போடு வெண்ணெயைச் சேர்த்து, பொடியாக நறுக்கிய வெங்காயத்தை வதக்கவும். மைதாவைத் தூவி, பச்சை வாசனை நீங்கும்வரை இரண்டு நிமிடம் கிளறவும். பாலைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கட்டிதட்டாமல் கலக்கி, கரண்டியின் முதுகில் ஒட்டும் பதம் வந்தவுடன் இறக்கவும்.

4. அடுப்பிலிருந்து இறக்கிய பின்னரே சீஸில் முக்கால் பங்கையும், அடுத்து தயிரையும், மிளகுத்தூளையும் சேர்க்கவும். கொதிக்கும்போது சேர்த்தால் புரதம் இறுகி, நெய் தனியே பிரிந்துவிடும். மாவுப்பொருள் இருப்பதால் குழம்பு ஓரளவு காக்கப்படும்; ஆயினும் மிகுந்த சூடு ஆகாது. பேக்கனிலும் சீஸிலும் உப்பு இருப்பதால், சுவைத்துப் பார்த்த பிறகே உப்பிடவும்.

5. கிழங்கையும் பேக்கனில் பாதியையும் குழம்போடு கலந்து, வெண்ணெய் தடவிய பாத்திரத்தில் பரப்பவும். மீதிச் சீஸ், மீதிப் பேக்கன், வெண்ணெயில் புரட்டி நொறுக்கிய கார்ன்ஃபிளேக்ஸ் ஆகியவற்றை மேலே தூவவும். 180 டிகிரி செல்சியஸில் 35 முதல் 40 நிமிடம், ஓரங்களில் குமிழி எழும்வரை வைக்கவும். வெளியே எடுத்துப் பத்து நிமிடம் ஆறிய பின்னரே பரிமாறவும். அப்போதுதான் குழம்பு இறுகி நிற்கும்.

ஓவன் இல்லாதோர், கலவையை அடிகனமான பாத்திரத்தில் இட்டு, கனத்த தோசைக்கல்லின்மேல் வைத்து மூடி, மெல்லிய தீயில் 25 நிமிடம் வேகவைக்கலாம். மேற்பகுதி பொன்னிறமாகாது. ஆகையால் கார்ன்ஃபிளேக்ஸை வெண்ணெயில் தனியே வறுத்துப் பரிமாறும்போது தூவவும்.

பொருள் வாங்கும்போது

மாவுத்தன்மை மிகுந்த பழைய கிழங்கு குழம்பை நன்கு உறிஞ்சும்; புதுக்கிழங்கு உருக்குலையாமல் நிற்கும். இரண்டும் ஏற்றவையே. குளிர்பதனக் கிடங்கிலிருந்து வந்த கிழங்கு சில சமயம் இனிக்கும். குளிரில் அதன் மாவுப்பொருள் சர்க்கரையாக மாறுவதே காரணம். சில நாள் வெளியே வைத்தால் இனிப்புப் பெரும்பாலும் குறையும். பச்சை நிறம் ஏறிய கிழங்கைத் தவிர்க்கவும்.

சீஸில் அமெரிக்கர் விரும்புவது, இங்கிலாந்தின் சாமர்செட் பகுதியிலுள்ள ஊரின் பெயரைத் தாங்கிய செடார். அது கிடைக்காவிடில் நம் கடைகளில் கட்டியாகக் கிடைக்கும் பதப்படுத்திய சீஸ் போதும். ஜேம்ஸ் கிராஃப்ட் 1916இல் காப்புரிமை பெற்ற முறையிலிருந்து வளர்ந்த வகை அது. அதில் இப்போது சேர்க்கப்படும் சிறப்பு உப்புகள் கொழுப்பும் நீரும் பிரியாமல் காப்பதால், புதிதாகச் சமைப்போருக்கு அதுவே எளிது.

பேக்கன் என்பது பன்றியின் வயிற்றுப் பகுதி இறைச்சியை உப்பிட்டுப் பதப்படுத்தி, பெரும்பாலும் புகையூட்டிய பண்டம். இதை உண்ணாதோர் நம்மிலும் நம் அயலாரிலும் பலர். ஆகவே பிறர் வீட்டிற்குக் கொண்டுசெல்லுமுன் கேட்டறிவது அவசியம். காளானை மெல்லியதாக நறுக்கி, நீர் வற்றிப் பழுப்பாகும்வரை வெண்ணெயில் வறுத்துச் சேர்த்தால் சுவையில் பெருங்குறை நேராது. மேலும், உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2015இல் பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் விளைவிக்கும் பொருள்களின் பட்டியலில் சேர்த்தது. நாள்தோறும் 50 கிராம் உண்போருக்குப் பெருங்குடல் புற்றுநோய் வரும் வாய்ப்பு 18 விழுக்காடு கூடுவதாக அது தெரிவித்தது. இரத்த அழுத்தம் உள்ளோர் இதன் உப்பையும் கருத்தில் கொள்ள வேண்டும். எப்போதோ ஒருநாள் உண்ண வேண்டிய உணவு இது, அன்றாட உணவன்று.

கொண்டுசெல்லும் முறை

முந்தைய நாள் ஆயத்தம் செய்வோர், கலவையை ஆறவைத்து மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வைக்கவும். கார்ன்ஃபிளேக்ஸை வேகவைக்கும் நேரத்தில் மட்டுமே தூவவும். குளிர்ந்த கண்ணாடிப் பாத்திரத்தை உடனே சூடான ஓவனில் வைத்தால் விரிசல் விடக்கூடும். அரைமணி நேரம் வெளியே வைத்த பின் ஏற்றவும். வெந்த உணவை இரண்டு மணி நேரத்திற்குமேல் வெளியே வைக்கலாகாது. நம் கோடையில் ஒரு மணி நேரமே எல்லை. மீந்ததைக் குளிர்பதனப் பெட்டியில் மூன்று நாள் வைக்கலாம். சூடாக்கும்போது நடுப்பகுதியிலும் ஆவி எழ வேண்டும். உள்ளே என்னென்ன இருக்கின்றன, எப்படிச் சூடாக்குவது என்று ஒரு தாளில் எழுதி மூடியின்மேல் ஒட்டிவிடுங்கள். துக்க வீட்டாருக்கு விளக்கம் கேட்கவும் பலம் இராது.

அமெரிக்க சபைப் பெண்களிடம் மற்றொரு பழக்கமும் உண்டு. பாத்திரத்தின் அடியில் ஒட்டுத்தாளில் தம் பெயரை எழுதி ஒட்டிவிடுவர். பாத்திரம் தவறிப்போகாமல் இருக்கச் செய்த சிறு ஏற்பாடு அது. அதையே நாம் ஒரு நன்மைக்குப் பயன்படுத்தலாம். அடக்கம் முடிந்து மூன்றாம் நாள்வரை வீடு நிறைந்திருக்கும். விடுப்பு முடிந்தவர் இரயிலேறுவர், அழைப்புகள் குறையும், பதினைந்தாம் நாள் வீட்டில் இருப்பது ஒரு விதவையும் பள்ளிப் பிள்ளைகளும் மட்டுமே. அப்போது, "என் பாத்திரத்தை எடுத்துப்போக வந்தேன், அக்கா" என்று ஒருவர் கதவைத் தட்டுவது எத்தனை ஆறுதல்! விசாரிக்க வந்தேன் என்றால் அழுகையே முந்திக்கொள்ளும். பாத்திரத்திற்காக வந்தேன் என்றால் உள்ளே அழைத்து அமரச் சொல்வார்கள்.

பெற்ற பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பித் தரலாகாது என்பது நம்மவர் பண்பு. துக்க வீட்டில் அந்தக் கடனை எதிர்பாராதிருப்போம். வெறும் பாத்திரத்தை வாங்கிக்கொண்டு, ஒரு மணி நேரம் உடனிருந்துவிட்டு வருவோம். இந்த மாதம் உங்கள் குடியிருப்பிலோ சபையிலோ துக்கம் நேர்ந்த ஒரு வீடு இருக்குமானால், ஒரு கிலோ உருளைக்கிழங்கு வாங்குங்கள். முதலில் தொலைபேசியில் அழைத்து, அவர்கள் எதை உண்பார்கள் என்று கேளுங்கள்.