எந்த அடுக்கில் கிடந்தது?

மழை ஓய்ந்த மறுநாள் அரிக்கமேட்டுக்குப் போனால் மணி பொறுக்கலாம் என்பது அந்தப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு ரொம்ப நாளாகத் தெரிந்த சேதி. புதுச்சேரிக்குத் தெற்கே, அரியாங்குப்பம் ஆறு கடலைத் தொடுவதற்குச் சற்று முன்னால் ஆற்றங்கரையில் இருக்கிறது அந்த மேடு. ஆறு கரையை அரிக்க, மழை மேல்மண்ணைக் கழுவ, பச்சையும் நீலமுமாகக் கண்ணாடி மணிகள் வெளியே வந்து கிடக்கும். 1937 வாக்கில் புதுச்சேரியில் இருந்த பிரெஞ்சு அறிஞர் ழுவோ துப்ரேய், அப்படிப் பிள்ளைகள் பொறுக்கிவந்ததைக் காசு கொடுத்து வாங்கினார். அவர் கைக்கு வந்தவற்றில் ஒரு மனிதத் தலை செதுக்கிய மணிக்கல்லும் உண்டு. ரோமப் பேரரசர் அகஸ்டஸின் தலை என்று அவர் கருதினார். அரிக்கமேட்டின் பெயர் வெளியே தெரிந்தது அதற்குப் பிறகுதான்.

அந்தக் கல்லைப் பற்றி எழுதும்போதெல்லாம் எனக்கு ஓர் ஆதங்கம் வரும். அது எவ்வளவு ஆழத்தில் கிடந்தது? பக்கத்தில் என்ன பானை இருந்தது? மேலே சாம்பல் இருந்ததா, செங்கல் இடிபாடு இருந்ததா? எதற்கும் பதில் இல்லை. கல் இருக்கிறது, அழகு இருக்கிறது. ஆனால் அது யார் காலத்தில், எந்த வீட்டில் தொலைந்தது என்பதை இனி யாராலும் சொல்ல முடியாது.

அகழாய்வு நடக்கும் ஊரில் வேடிக்கை பார்க்க வருகிறவர்கள் முதலில் கேட்பது, 'ஏதாவது கிடைச்சுதா சார்?' என்றுதான். குழிக்குள் இருப்பவர்கள் தங்களுக்குள் கேட்டுக்கொள்வது வேறு: 'எந்த அடுக்குல?' தொல்லியல் என்ற துறை முழுவதும் இந்த இரண்டாவது கேள்வியின் மேல்தான் நிற்கிறது என்பேன்.

துப்ரேய்க்குப் பிறகு, 1940-களின் தொடக்கத்தில் பிரெஞ்சுக்காரர்கள் ஃபோஷேயும் சுர்லோவும் அங்கே தோண்டினார்கள். ஆர்வத்தில் குறைவில்லை. பானை ஓடுகள் கிடைத்தன, மணிகள் கிடைத்தன, சில பொருள்கள் ஹனோய் வரைக்கும் அனுப்பப்பட்டன. அடுக்குகளை மட்டும் ஒழுங்காகக் குறித்துவைக்கவில்லை. தோண்டிய மண்ணைத் திரும்பக் கொட்டலாம், அடுக்கைத் திரும்ப அடுக்க முடியாது. அகழாய்வு என்பது ஒருவிதத்தில் ஒரே ஒரு பிரதி உள்ள ஓலைச்சுவடியை, படிக்கப் படிக்க ஏட்டைக் கிழித்துப் போடுவது மாதிரி. படித்ததை எழுதிவைக்காவிட்டால் சுவடி போனது போனதுதான்.

1944-இல் இந்தியத் தொல்லியல் துறையின் தலைமை இயக்குநராக மார்ட்டிமர் வீலர் வந்தார். பட்டாளத்து பிரிகேடியர். போர்முனையைப் பார்த்துவிட்டு இந்தியாவுக்கு வந்தவர். அந்த ஆண்டு சென்னை அருங்காட்சியகத்தின் அலமாரி ஒன்றைத் திறந்து பார்த்தபோது, நீண்ட கைப்பிடியோடு ஒரு சாடியின் கழுத்துப் பகுதி கண்ணில் பட்டது. ரோமானியர்கள் மதுவும் எண்ணெயும் அனுப்பப் பயன்படுத்திய ஆம்போரா. எங்கிருந்து வந்தது என்று விசாரித்தார். அரிக்கமேடு என்று தெரிந்தது. 1945-இல் மாணவர்களையும் சேர்த்துக்கொண்டு அங்கே குழி போட்டார்.

வீலர் கொண்டுவந்த முறையைப் புரிந்துகொள்ள, அதற்கு முன்னால் என்ன நடந்தது என்று பார்க்க வேண்டும். அதுவரை இங்கே பெரிய அகழாய்வுகளில் ஆழத்தை வைத்தே கணக்குப் போட்டார்கள். இத்தனை அடியில் கிடைத்ததெல்லாம் ஒரு காலம், அதற்குக் கீழே கிடைத்தது முந்தைய காலம் என்று. கேட்கச் சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் ஓர் ஊர் சமதளமாகவா வளர்கிறது? நம் ஊர்ப் பழைய கோயில்களையே பாருங்கள். தெரு உயர்ந்து உயர்ந்து, இன்றைக்கு நாம் படி இறங்கித்தான் உள்ளே போகிறோம். தெருவில் நேற்று போட்ட தாரும், கோயிலுக்குள் பல நூற்றாண்டுக்கு முந்தைய தளமும் நாலடி வித்தியாசத்தில் இருக்கின்றன. ஆழம் ஏமாற்றும். குப்பைக்குழி அதைவிட மோசம். பின்னால் வந்தவர் தன் கொல்லையில் ஐந்தடிக்குக் குழி வெட்டிக் குப்பையைப் போட்டால், அந்தக் குப்பை முந்நூறு வருஷம் முந்தையவரின் தரைக்கும் கீழே போய் உட்கார்ந்துகொள்ளும். ஆழத்தை மட்டும் பார்க்கிறவர் பேரனைத் தாத்தாவுக்கு முன்னால் பிறக்கவைத்துவிடுவார்.

அதனால் வீலர் மண்ணைப் பார்க்கச் சொன்னார். தளத்தைக் கட்டம் கட்டமாகப் பிரிப்பது, ஒரு கட்டத்துக்கும் அடுத்ததற்கும் இடையே வயல் வரப்பு மாதிரி மண்ணைத் தோண்டாமல் விட்டுவைப்பது, அந்த வரப்பின் பக்கச்சுவரில் அடுக்குகளைப் படிப்பது. இன்றைக்கும் நம் ஊர் அகழாய்வுகளில் நீங்கள் பார்க்கும் சதுரக் குழிகள் அந்த வழியில் வந்தவைதான்.

அப்படி ஒரு சுவரைக் கிட்டே நின்று பார்த்தால் முதலில் ஒன்றுமே தெரியாது. பழுப்பு மண், அவ்வளவுதான். கரணையால் மெல்லச் சீவிவிட்டு, கொஞ்சம் தண்ணீர் தெளிக்க வேண்டும். அப்போது நிறம் எழும்பும். மேலே வேர் ஓடிய கருமண். அதன் கீழே செங்கல் பொடி கலந்த பொலபொலப்பான மண். சுவர் இடிந்து விழுந்த இடம். அடுத்து ஒரு விரல் கனத்துக்குச் சாம்பல் கோடு. அதற்குக் கீழே கெட்டியாக, கத்தி வைத்தால் இறங்காத களிமண். யாரோ மிதித்து மெழுகி வாழ்ந்த தரை. இதையெல்லாம் குறுக்கே வெட்டிக்கொண்டு கிண்ணம் போல ஒரு கறுப்புத் திட்டு இறங்கும். அதுதான் பிற்காலக் குப்பைக்குழி. எல்லாவற்றுக்கும் அடியில் மனிதக் கை படாத மண். கன்னிமண் என்பார்கள். நல்ல ஆய்வாளர் விரலால் தடவியே தரையையும் இடிபாட்டையும் பிரித்துச் சொல்வார். ஒவ்வோர் அடுக்குக்கும் எண் போட்டுச் சீட்டுக் குத்துவார்கள். ஓடு எடுத்த கையோடு அந்த எண் பையில் ஏற வேண்டும். பைக்குள் சீட்டு மாறினால் அந்த ஓடும் துப்ரேயின் மணிக்கல் கதிதான்.

அரிக்கமேட்டில் வீலருக்கு அதிர்ஷ்டமும் துணை நின்றது. இத்தாலியின் அரெட்சோ நகரத்தில் செய்த சிவப்புப் பளபளப்புக் கிண்ணங்களின் துண்டுகள், குயவர் முத்திரையோடு கிடைத்தன. அந்த வகைக் கலங்களின் காலம் ஐரோப்பாவில் ஏற்கெனவே தெரிந்த ஒன்று, கி.பி. முதல் நூற்றாண்டின் நடுவிலேயே அவை வழக்கொழிந்துவிட்டன. அந்த ஓடு கிடந்த அடுக்குக்கு அப்போது ஒரு தேதி வந்துவிட்டது. அதே அடுக்கில் கிடந்த மற்றப் பானைகளுக்கும் அதே தேதி. அவற்றில் முக்கியமானது ரௌலட்டட் தட்டு. சாம்பல் கலந்த கறுப்பு நிறம், உள்பக்கம் வளைந்த விளிம்பு, உள்ளே நடுவில் வட்டம் வட்டமாகப் புள்ளிக் கோலம். சுண்டினால் உலோகம் மாதிரி கணீரென்று கேட்கும். இந்தத் தட்டு தென்னிந்தியாவில் வேறு எங்கே கிடைத்தாலும் அந்த அடுக்கின் காலத்தை ஊகிக்கலாம் அல்லவா? 1947-இல் கர்நாடகத்தின் பிரம்மகிரியில் வீலர் அதைத்தான் செய்தார். மேல் அடுக்கில் ரௌலட்டட் ஓடு, அதன் கீழே பெருங்கற்காலத்தவரின் கறுப்பு சிவப்புப் பானைகள், அதற்கும் கீழே மெருகேற்றிய கற்கோடரிகள். காலம் தெரியாமல் கிடந்த தென்னிந்திய வரலாற்றுக்கு முந்தைய காலத்துக்கு, இத்தாலியக் கிண்ணத்தில் தொடங்கி ஒரு சங்கிலி கிடைத்தது. பெரும்பாலும் ஓட்டையும் மண்ணையும் வைத்து.

அந்தச் சங்கிலியின் கணக்கு தப்பு. பெருங்கற்காலம் கி.மு. 200 வாக்கில் தொடங்கியது என்ற வீலரின் மதிப்பீட்டைப் பின்னால் வந்த கரிமக் காலக்கணிப்பு பல நூறு ஆண்டுகள் பின்னுக்குத் தள்ளிவிட்டது. அரிக்கமேட்டிலும் அவர் ரோமானியரை அளவுக்கு மேல் பார்த்துவிட்டார். ரோம வணிகத்தால் பிறந்த ஊர் என்ற எண்ணம் அவரிடம் ஊறியிருந்தது. ஆனால் அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஏனென்றால் அவர் தவறைக் கண்டுபிடிக்க உதவியதே அவர் விட்டுப்போன பதிவுதான். 1946-இல் அவர் அச்சிட்ட அடுக்கு வரைபடங்களையும் எந்த அடுக்கில் எந்த ஓடு என்ற கணக்கையும் தொல்லியலாளர் விமலா பெக்லி மறுபடி உட்கார்ந்து படித்தார். இத்தாலியக் கலங்கள் வருவதற்கு முன்பே ரௌலட்டட் தட்டுகள் தொடங்கிவிட்டன என்று 1983-இல் எழுதினார். பிறகு 1989 முதல் 1992 வரை, சென்னைப் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்து அங்கேயே மறுபடி தோண்டினார். ரோமக் கப்பல்கள் வருவதற்கு முன்பே அங்கே ஆட்கள் வாழ்ந்தார்கள், அந்த வணிகம் தேய்ந்த பிறகும் வாழ்ந்தார்கள் என்பது உறுதியானது. ரௌலட்டட் தட்டே வெளிநாட்டுச் சரக்கு அல்ல என்றும் பின்னால் தெரிந்தது. ஓட்டின் களிமண்ணைக் கனிமச் சோதனைக்கு உட்படுத்தியவர்கள் அது இந்தியத் துணைக்கண்டத்து மண் என்றார்கள். சிலர் வங்கத்துக் கழிமுகத்தையே சுட்டினார்கள்.

ஃபோஷேயும் சுர்லோவும் என்ன தவறு செய்தார்கள் என்று நம்மால் கண்டுபிடிக்கவே முடியாது. வீலர் செய்ததைக் கண்டுபிடிக்க முடிந்தது. ஒரு நல்ல அகழாய்வுக்கு இதைவிடப் பெரிய நற்சான்று எனக்குத் தெரியவில்லை.

இன்றைக்குக் கருவிகள் எவ்வளவோ வந்துவிட்டன. ஆனால் அடுக்கு என்ற அந்தப் பழைய கேள்வி இல்லாமல் அவற்றால் ஓர் அடிகூட நகர முடியாது. கரிமக் கணிப்பையே எடுத்துக்கொள்வோம். உயிரோடு இருக்கும்வரை செடியும் விலங்கும் காற்றிலிருந்து வரும் கதிரியக்கக் கரிமத்தை வாங்கிக்கொண்டே இருக்கும். உயிர் போனால் வரவு நின்று, 5,730 ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகக் குறையும். மீதியை அளந்தால் காலம் தெரியும். ஆனால் எதை அளப்பது? அடுப்பில் கிடந்த கரித்துண்டு வயதான மரத்தின் நடுத்தண்டாக இருந்தால், அந்தக் கட்டை எரிவதற்கு நூறு இருநூறு வருஷம் முன்பே உள்வளையம் செத்துவிட்டிருக்கும். அடுப்பின் வயது கூடிவிடும். அதனால்தான் ஆய்வாளர்களுக்கு நெல்மணி என்றால் அவ்வளவு ஆசை. நெல் ஒரே போகத்தில் முளைத்து, ஒரே போகத்தில் அறுபடுவது.

பழனிக்குப் பக்கத்தில் பொருந்தலில் பேராசிரியர் கா. ராஜன் தோண்டிய ஒரு கல்லறையில் நான்கு கால் சாடி ஒன்றுக்குள் சுமார் 2 கிலோ நெல் இருந்தது. இறந்தவருக்காக யாரோ அளந்து வைத்த நெல். அதன் காலம் கி.மு. 490 என்று வந்தது. அதே கல்லறையில் தமிழி எழுத்து பொறித்த பிரிமனையும் இருந்தது. மூடிய கல்லறைக்குள் ஒன்றாக வைத்த பொருள்கள் என்பதால் நெல்லின் வயது எழுத்துக்கும் போய்ச் சேர்கிறது. எழுத்து அவ்வளவு பழையதா என்பதில் அறிஞர்களுக்குள் விவாதம் உண்டு. நடக்கட்டும். நெல்லும் பிரிமனையும் எங்கே எப்படிக் கிடந்தன என்ற பதிவு இருப்பதால்தான் விவாதிக்கவே முடிகிறது.

நெல்லும் பானையும் இல்லாத கற்காலத்தில் என்ன செய்வது? அங்கே மணலே கடிகாரம். 1863 மே மாதம் பல்லாவரத்தில் நிலவியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட் ஒரு கற்கருவியைக் கண்டெடுத்தார். சில மாதங்களில் கொசஸ்தலை ஆற்றுப் பக்கம் அதிரம்பாக்கத்தையும் கண்டு, இடத்தைத் தெளிவாகக் குறித்தார். அந்தக் குறிப்பின் வழியே 1999-இல் தொல்லியலாளர் சாந்தி பப்புவும் குழுவினரும் அதே இடத்தில் தோண்டத் தொடங்கினார்கள். வெயில் படும்போது மணல் துகள் தன் கணக்கை அழித்துக்கொள்ளும். மூடுண்டபின் சுற்றியுள்ள மண்ணின் கதிர்வீச்சைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்துவைக்கும். ஆகவே மாதிரி எடுக்கும்போது துளி வெளிச்சம் படக்கூடாது. குழிச் சுவரில் உலோகக் குழாயை அடித்து இறக்கி, வாயை அடைத்து, ஆய்வகத்தில் மங்கிய சிவப்பு விளக்கில்தான் திறப்பார்கள். அதிரம்பாக்கத்தில் இடைப் பழங்கற்காலக் கருவிகள் கிடந்த அடுக்கு சுமார் 3,85,000 ஆண்டு பழையது என்று 2018-இல் இந்த வழியில்தான் தெரிந்தது. அதற்கும் கீழே கைக்கோடரிகள் கிடந்த அடுக்கிலிருந்த கற்கருவிகளையே வேறொரு முறையில் அளந்து, சராசரியாக 15 லட்சம் ஆண்டு என்று 2011-இலேயே அறிவித்திருந்தார்கள். கருவியைச் செதுக்கிய நாளை யாரும் அளக்கவில்லை. கல் எப்போது பிறந்தது என்பதில் நமக்கு அக்கறையும் இல்லை. அளந்தது மண் அதை மூடிய காலத்தை.

எல்லாம் முடிந்து குழியை மூடும் நாளில் ஒரு சின்னச் சடங்கு உண்டு. தோண்டிய மண்ணைத் திரும்பத் தள்ளுவதற்கு முன், தோண்டி முடித்த மட்டத்தின் மேல் பிளாஸ்டிக் தாளை விரிப்பார்கள். வரப்பாக விட்டதும், தொடாமல் விட்ட கட்டங்களும் அப்படியே இருக்கும். இருபது வருஷமோ ஐம்பது வருஷமோ கழித்து, இன்று நமக்குத் தெரியாத ஒரு முறையோடு இன்னொருவர் அங்கே வருவார். கரணையில் அந்தத் தாள் தட்டுப்படும்போது, இதுவரை தோண்டியாகிவிட்டது, இதற்குக் கீழே யாரும் தொடவில்லை என்று அவருக்குத் தெரியும்.