சூரியனைத் திருப்பிக் கேட்ட இசை

காட்ஸில்லா என்றதும் திரைப்பட ரசிகர்களின் காதில் ஒலிப்பது அகிரா இஃபுகுபேயின் கனத்த இசை. 1954ஆம் ஆண்டின் முதல் படத்தில், டபுள் பேஸ் தந்திகளைத் தளர்த்தி, பிசின் தடவிய தோல் கையுறையால் தேய்த்து அந்த மிருகத்தின் உறுமலை உருவாக்கியதும் அவர்தான். அவரிடம் இசை பயின்ற ரீச்சிரோ மனாபேயை அறிந்தவர்கள் மிகக் குறைவு. அறிந்தவர்களிலும் பலர் குறை சொல்லத்தான் அவர் பெயரை எடுக்கிறார்கள்.

1924இல் பிறந்த மனாபே, இயக்குநர் நாகிசா ஓஷிமாவின் 1959ஆம் ஆண்டு முதல் படத்துக்கு இசையமைத்தவர். மறு ஆண்டு ஓஷிமா எடுத்த மூன்று படங்களுக்கும் அவரே இசை. 1970 முதல் 1974 வரை தோஹோ நிறுவனம் எடுத்த மூன்று இரத்தக் காட்டேரிப் படங்களும் அவர் கைவண்ணம்தான்.

ஆனால் அவரை நிலைநிறுத்தியது 1971 ஜூலையில் திரைக்கு வந்த 'காட்ஸில்லா எதிர் ஹெடோரா'. யோஷிமிட்சு பான்னோ இயக்கிய அப்படத்தின் வில்லன், கழிவுச் சகதியில் வளர்ந்த ஓர் அரக்கன். கழிவுச் சகதிக்கு ஜப்பானிய மொழியில் 'ஹெடோரோ' என்று பெயர். இது வெறும் கற்பனை அல்ல. மினமாதாவில் பாதரசம் கலந்த மீனை உண்டவர்கள் முடமானார்கள். தோயாமாவில் காட்மியம் எலும்புகளை நொறுக்கியது. யொக்காய்ச்சியில் தொழிற்சாலைப் புகை ஆஸ்துமாவைக் கொடுத்தது. ஜப்பான் அரசு சுற்றுச்சூழல் துறையை ஏற்படுத்தியதும் அதே ஜூலை மாதம்தான்!

படத்தின் தொடக்கப் பாடல் 'சூரியனைத் திருப்பிக் கொடு'. பான்னோ எழுத, மனாபே மெட்டமைத்தார். பாடியவர் படத்தில் நடித்த கெய்கோ மாரி. பாதரசம், கோபால்ட், காட்மியம் என்று நச்சுப் பொருள்களின் பெயர்களை வரிசையாக அடுக்குகிறது அப்பாடல். இரசாயனப் பாடப்புத்தகம் போன்ற அந்தப் பட்டியலை, இரவு விடுதியில் இளைஞர்கள் ஆடக்கூடிய துள்ளல் தாளத்தில் கொடுத்ததுதான் மனாபேயின் துணிச்சல். திரையில் செத்த மீன் மிதக்க, காதில் ஆட்டம் போடும் இசை! கேட்பவருக்கு ஒரு சங்கடம் வருகிறது. அது வர வேண்டும் என்றே அமைத்த மெட்டு போலிருக்கிறது.

ரசிகர்களின் குறை வேறு. காட்ஸில்லா வரும்போது பித்தளைக் கருவிகள் கம்பீரமாக முழங்காமல், மந்தமாக இழுத்து முனகுகின்றன. வயிற்று வலிக்காரரின் முனகல் என்றுகூடச் சொல்லலாம். குருவின் அணிவகுப்பு இசையை எதிர்பார்த்துப் போனவர்களுக்கு ஏமாற்றம்தான். ஆனால் நாடே நஞ்சில் மூழ்கும் கதைக்கு வீரநடை எதற்கு? அதே பாணி 1973இல் வந்த 'காட்ஸில்லா எதிர் மெகாலோன்' படத்துக்குப் பொருந்தவில்லை என்பது உண்மை. அது சிறுவர்களுக்கான கும்மாளம்; அங்கே முனகலுக்கு வேலையில்லை.

அதன்பின் அவர் காட்ஸில்லா படம் எதற்கும் இசையமைக்கவில்லை. 1974ஆம் ஆண்டின் படத்தை மசாரு சாத்தோ ஏற்றார். 1975இல் குரு இஃபுகுபேயே திரும்பி வந்தார். மனாபே 2015இல் காலமானார்.