மெய்நிகர் பொறியின் சேமிப்புத் தட்டை வேற்று இயங்குதளத்தில் படித்தல்

ஒரே கணிப்பொறிக்குள் பல கணிப்பொறிகள் தனித்தனியே இயங்குமாறு செய்யலாம். இவற்றை மெய்நிகர் பொறிகள் என்பர். இத்தகைய பொறி ஒன்றின் தட்டு, உண்மையில் ஒரு பெரிய கோப்பேயாகும். வி.எம்.வேர் நிறுவனத்தின் ஈ.எஸ்.எக்ஸ்.ஐ. மென்பொருள் இக்கோப்புகளை வி.எம்.எஃப்.எஸ். என்னும் தனி அமைப்பில் வைக்கிறது. விண்டோஸும் லினக்ஸும் இவ்வமைப்பை இயல்பாக அறியா. ஆதலால், சர்வர் பழுதுற்றுத் தட்டு மட்டும் எஞ்சுமாயின், அதிலுள்ள மாணவர் பதிவேடுகளையும் கள அளவீடுகளையும் மீட்பது எவ்வாறு என்னும் வினா எழுகிறது.

இதில் அபாயம் படிப்பதில் இல்லை, எழுதுவதிலேயே உள்ளது. பல சர்வர்கள் ஒரே தட்டை ஒருங்கே பயன்படுத்துவதற்கென அமைந்தது வி.எம்.எஃப்.எஸ். எந்தக் கோப்பு எந்தச் சர்வரின் பொறுப்பில் உள்ளது என்னும் பூட்டுக் குறிப்பும் அத்தட்டிலேயே பதிவாகிறது. வேற்று இயங்குதளம் இக்குறிப்பை அறியாது. ஒரு பேரேட்டின் ஒரே பக்கத்தில் இரு எழுத்தர்கள் ஒருவரையொருவர் அறியாமல் எழுதினால் கணக்கு எவ்வாறு குழம்புமோ, அவ்வாறே இங்கும் நேரும். மேலும், அறியாத தட்டைக் கண்ட இயங்குதளம் அதனைப் புதிதாக வடிவமைக்கலாமா என்று கேட்கக்கூடும். அதற்கு ஒருபோதும் இசைதல் கூடாது.

பின்பற்ற வேண்டிய முறை வருமாறு:

1. மெய்நிகர் பொறிகளை முறைப்படி நிறுத்தி, தட்டைப் பிற சர்வர்களினின்று துண்டிக்க வேண்டும்.

2. தட்டிலேயே பழுது இருப்பதாக ஐயம் தோன்றினால், முதலில் அதனை முழுமையாக வேறொரு தட்டிற்குப் படியெடுத்து, அப்படியின்மீதே மேற்கொண்டு பணி செய்ய வேண்டும்.

3. லினக்ஸில் வி.எம்.எஃப்.எஸ். தட்டைப் படிப்பதற்கெனத் தனிக் கருவிகள் உண்டு. 2011இல் வந்த ஐந்தாம் பதிப்பிற்கும், 2016இல் வந்த ஆறாம் பதிப்பிற்கும் கருவிகள் வேறு வேறாதலால், உரியதைத் தேர்ந்து, 'படிக்க மட்டும்' என்ற நிலையிலேயே தட்டை இணைக்க வேண்டும்.

4. தட்டின் விவரங்களைக் கூறும் சிறு கோப்பு, தரவுகள் அடங்கிய பெருங்கோப்பு ஆகிய இரண்டையும் படியெடுக்க வேண்டும். ஸ்நாப்ஷாட் எடுக்கப்பட்டிருப்பின், பிற்கால மாற்றங்கள் வேறு கோப்புகளில் இருக்கும். மூலக்கோப்பு இன்றி அவை பயன்படா. அவை இன்றி மூலக்கோப்பு பழைய நிலையையே காட்டும்.

5. மூலத்திற்கும் படிக்கும் சரிபார்ப்பு எண்ணைக் கணித்து ஒப்பிட வேண்டும். இரண்டும் ஒன்றாயின் படி பழுதற்றது எனக் கொள்ளலாம்.

உள்ளிருக்கும் தரவுகளைத் திறப்பதும் படியிலேயே நிகழ வேண்டும். சில இயங்குதளங்கள் ஒரு தட்டைத் திறக்கும்போதே, முன்னர் முடிவுறாதிருந்த பதிவுகளைத் தாமாக எழுதி முடிக்கும். படி கெட்டால் மீண்டும் எடுத்துக்கொள்ளலாம். மூலம் கெட்டால் அவ்வாண்டின் அளவீடுகளை மீண்டும் பெறுதல் இயலாது.